கதைக்காகப் படைக்கும் விண்மீனில் அறிவியலும் தொன்மமும் ஒட்டுவது எப்படி?

உப்பங்கழி (கேள்வி):
அனைவருக்கும் வணக்கம். நிலநடுக்கோட்டுக்குச் சற்று வடக்கே ஒரு கற்பனைத் தீவையும் அங்குள்ள உப்பளத் தொழிலாளர்களையும் வைத்து நாவல் ஒன்று எழுதி வருகிறேன். தீவினர் ‘இமைமீன்’ என்று அழைக்கும் விண்மீன்தான் கதையின் நடுநாயகம். திருவாதிரையைப் போன்ற பெரிய சிவப்பு விண்மீனாக அதை அமைத்திருக்கிறேன். மூன்று நாளுக்கு ஒருமுறை சில மணி நேரம் மங்கி, மீண்டும் ஒளிர்கிறது. காவல் தெய்வம் கண்ணயரும் நேரம் அது என்று ஒரு தொன்மமும், ஆண்டுக்கொரு திருவிழாவும் எழுதிவிட்டேன். ஆயினும் வாசித்துப் பார்க்கையில் அறிவியல் ஒரு பக்கமும் தொன்மம் மறுபக்கமுமாக விலகியே நிற்கின்றன. எங்கிருந்து திருத்தத் தொடங்கலாம்?

வான்நோக்கி:
முதலில் நிறத்தைத் திருத்துங்கள். திருவாதிரை சூரியனின் இடத்தில் இருந்தால் செவ்வாயின் சுற்றுப்பாதையையும் தனக்குள் அடக்கிக்கொள்ளும். அவ்வளவு பெரிய விண்மீனை மற்றொன்று ஒருமுறை சுற்றிவர ஓராண்டுக்கு மேல் ஆகும் என்பதால், மூன்று நாள் இமைப்பு அங்கே பொருந்தாது. 2019 இறுதியில் திருவாதிரை மங்கியபோதுகூட, அது உமிழ்ந்த வாயுவிலிருந்து உருவான தூசியே பெருங்காரணமாகக் கூறப்பட்டது. மீண்டு வரப் பல வாரங்கள் ஆயின.

உங்களுக்கு ஏற்ற முன்மாதிரி பெர்சியஸ் தொகுதியிலுள்ள அல்கோல். அது நெருங்கிச் சுற்றும் இரட்டை விண்மீன். மங்கலான துணை, ஒளிமிக்க வெண்ணீல விண்மீனை 2 நாள் 20 மணி 49 நிமிடத்துக்கு ஒருமுறை மறைக்கிறது. மறைப்பு ஏறத்தாழ பத்து மணி நேரம் நீடிக்கும். உச்சத்தில் ஒளி மூன்றில் ஒரு பங்குக்கும் கீழே போய்விடும். காது கேளாதவரான ஜான் குட்ரிக் என்ற ஆங்கிலேய இளைஞர் 1783இல் இந்த ஒழுங்கைக் கணித்து, ஏதோ ஒன்று குறுக்கே வந்து மறைக்கலாம் என்று சரியாகவே ஊகித்தார்.

இதில் கதைக்கு உதவும் நுட்பம் ஒன்று உண்டு. சுழற்சி முழுதாக மூன்று நாள் இல்லாததால், ஒவ்வொரு மறைப்பும் முந்தையதைவிட மூன்று மணி நேரத்துக்குச் சற்று அதிகமாக முன்னால் நகர்ந்துகொண்டே வரும். ஆகவே சில மறைப்புகள் இரவில் தெரியும். அடுத்த சில பகலில் நிகழ்ந்து எவர் கண்ணிலும் படாமல் போகும். கணக்கறியாத மக்களுக்கு அது சில காலம் இமைத்து, சில காலம் விழித்தே இருப்பதுபோலத் தோன்றும். உங்கள் தொன்மம் விளக்க வேண்டியது இந்தத் தடுமாற்றத்தைத்தான்.

பொதிகைச்சாரல்:
அகத்தியரை நினைத்துப் பாருங்கள். சிவன் திருமணத்தின்போது வடக்கே தாழ்ந்த உலகைச் சமன்செய்ய அவர் தெற்கே வந்தார் என்பது நமக்குத் தெரிந்த கதை. அவர் பெயர் கொண்ட விண்மீன் வானில் ஒளியால் இரண்டாமிடத்தில் இருப்பது. கயிலை மலைப்பகுதியில் தொடுவானத்திலிருந்து ஏறத்தாழ 6 பாகை மட்டுமே எழும்பும். பொதிகையிலிருந்து பார்த்தால் 29 பாகை வரை உயரும். தெற்கே போகப் போக முனிவர் உயர்ந்து நிற்கிறார். அந்தத் தொன்மத்தை அந்த வானத்திலிருந்து பிரித்து எடுக்கவே முடியாது.

தொழிலோடும் அது பிணைந்திருக்கிறது. வட இந்தியாவில் தென்மேற்குப் பருவமழை ஓயும் வேளையில் அது வைகறையில் தோன்றும். அது உதித்தால் கலங்கிய நீர் தெளியும் என்றார்கள். நமக்கோ ஐப்பசியில்தான் மழை வலுக்கும் என்பதால், அந்த நம்பிக்கை எந்த நிலத்தில் பிறந்தது என்பது உடனே விளங்கிவிடுகிறது. உங்கள் திருவிழாவையும் வெறும் நாளாக விடாதீர்கள். மழைக்காலம் முடிந்து, சேற்றுப் பாத்திகளை மிதித்துக் கெட்டிப்படுத்தத் தொடங்கும் வேளையில் இமைமீன் முதன்முதலாக வைகறையில் தென்படட்டும். இருட்டோடு அளத்தில் இறங்குபவர்களே அதை முதலில் காண்பார்கள். அறிவிக்கும் உரிமையும் அவர்களுடையதாகட்டும்.

பறம்புமலை:
தெய்வம் கண்ணயர்கிறது என்ற இடம்தான் எனக்கு இடறுகிறது. தேவர்கள் இமைப்பதில்லை என்பது நம் மரபில் ஊறிய எண்ணம். நளனின் உருவில் வந்த தேவர்களிடையே மெய்யான நளனைத் தமயந்தி அடையாளம் கண்டதும் அப்படித்தான். உங்கள் தீவிலும் அதே நம்பிக்கை இருந்தால், இமைக்கும் விண்மீன் அவர்களுக்குத் தெய்வமாகவே இருக்க முடியாது. வானத்தில் இமையாதவர் நடுவே சிக்கிக்கொண்ட ஒரு மனிதராகவோ, உப்பு வாரப் போய்த் திரும்பாத ஒரு பெண்ணாகவோ அது இருக்கலாம். எனக்கு இது இன்னும் நெருக்கமாகப் படுகிறது.

இன்னொன்று, தீவில் எல்லாரும் ஒரேபோல நம்ப வேண்டாம். சனி புகைந்தாலும், வால்மீன் தோன்றினாலும், வெள்ளி தெற்கே சென்றாலும் பாரியின் நாட்டில் விளைச்சல் பொய்க்கவில்லை என்று புறநானூற்றில் கபிலர் பாடுகிறார். தீக்குறிகளை நன்கு அறிந்தவர், நல்லாட்சியை அவற்றுக்கு எதிரே நிறுத்துகிறார். இமைக்கும் இரவில் உப்பு வாரக்கூடாது என்று விலக்கு இருந்தால், அந்த இரவில் வாரியே தீரவேண்டிய கடனாளி ஒருவரையும் எழுதுங்கள்.

உப்பங்கழி:
மூவருக்கும் நன்றி. சிவப்பை நீக்கி வெண்ணீலமாக மாற்றுகிறேன். காவல் தெய்வத்தையும் விட்டுவிடுகிறேன். பகலில் நிகழும் மறைப்புகளையும் சேர்த்து எண்ணத் தெரிந்த ஒரு கிழவி தோன்றிவிட்டாள். எந்த இரவில் விலக்கு வரும் என்பது முன்கூட்டியே தெரிந்தவள் அவள் ஒருத்திதான். கடனாளி அவளிடம்தான் வருகிறான். இரண்டாம் இயலை முழுவதுமாகத் திரும்ப எழுதி இங்கே பகிர்கிறேன்.