கிளாஸ்கோ 2014: கிரிபட்டிக்காரர் ஆடியபோது அரங்கில் இருந்தேன்

அந்தப் போட்டிக்கு நான் டிக்கெட் வாங்கியதே வேலூர் சத்துவாச்சாரி சதீஷ் சிவலிங்கத்துக்காகத்தான். 2014 காமன்வெல்த் போட்டி, ஆண்கள் 77 கிலோ பளுதூக்குதல். கிளைட் ஆற்றங்கரையில், ஊர்க்காரர்கள் ஆர்மடில்லோ என்று கூப்பிடும் அரங்கம். சதீஷ் ஸ்னாட்சில் (தரையிலிருந்து ஒரே வீச்சில் தலைக்கு மேல் தூக்குவது) 149, கிளீன் அண்ட் ஜெர்க்கில் (முதலில் தோள் வரை, பிறகு தலைக்கு மேல்) 179, மொத்தம் 328 கிலோ தூக்கித் தங்கம் வாங்கினார். வெள்ளியும் நம் ரவிக்குமார் கட்டுலுவுக்கே. தொண்டை கட்டுகிற வரை கத்தினோம். அதைப் பற்றி அப்போதே எல்லோரும் எழுதித் தீர்த்துவிட்டார்கள். அதே மேடையில் சில நாள் கழித்து 105 கிலோ பிரிவில், பசிபிக் நடுவில் இருக்கும் கிரிபட்டி என்ற குட்டித் தீவு நாட்டு வீரர் தங்கம் வாங்கி நடனமாடியதைத் தமிழில் யாரும் எழுதி நான் பார்க்கவில்லை.

நான் அங்கே தன்னார்வலராகவும் இருந்தேன். கிளைட்சைடர் என்று எங்களுக்குப் பெயர். சிவப்புச் சட்டையைப் போட்டுவிட்டு, வீரர்கள் வந்து இறங்கும் பஸ் நிறுத்தத்தில் நிற்கவைத்தார்கள். பெரிய அணிகள் வரும்போது பேச்சுக்கே இடமிருக்காது. மருத்துவர், மசாஜ் செய்பவர், ஊடக அதிகாரி என்று ஒரு கூட்டமே இறங்கும். தீவு நாட்டு அணிகள் அப்படியில்லை. பயிற்சியாளரே பையையும் தூக்கிக்கொண்டு வருவார், அடுத்த பஸ் எப்போது என்று அவரே வந்து கேட்பார். பஸ் தாமதமானால் நின்று கதையும் பேசுவார்.

அப்படித்தான் கிரிபட்டி அணியோடு வந்திருந்த ஒருவரிடம் பேச்சு தொடங்கியது. நான் இந்தியாவின் தெற்கே கடலோரத்துக்காரன் என்றதும், உங்கள் ஊரில் தென்னை உண்டா என்பதுதான் அவருடைய முதல் கேள்வி. தென்னை, பனை இரண்டும் உண்டு, பாளை சீவிப் பதநீர் இறக்குவோம் என்றேன். மனிதருக்கு முகமெல்லாம் சிரிப்பு. அவர்கள் ஊரிலும் காலை, மாலை இரண்டு வேளையும் தென்னையில் ஏறிப் பாளை சீவுவார்களாம். மரத்தின் மேலே இருந்தபடியே பாட்டும் பாடுவார்களாம். இறக்கியதை அப்படியே குடிப்பது கரேவே. பாகாகக் காய்ச்சினால் கமைமை, தண்ணீரில் கலக்கிக் குழந்தைகளுக்கும் கொடுப்பார்கள். நம் திருச்செந்தூர்ப் பக்கத்துக் கருப்பட்டிக்காரர் ஒருவரைப் பசிபிக் நடுவில் இறக்கிவிட்டால் அன்றைக்கே வேலையைத் தொடங்கிவிடலாம் போல. அந்தப் பேச்சில் ஒட்டிக்கொண்ட பாசம்தான், அவர்கள் ஆள் மேடையேறும் நாளில் எப்படியாவது உள்ளே போய்விட வேண்டும் என்று தோன்றவைத்தது. டேவிட் கடோடாவ் என்ற பெயரே அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

பளுதூக்குதலை டிவியில் மட்டும் பார்த்தவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். உண்மையான ஆட்டம் மேடைக்குப் பின்னால் நடக்கிறது. கம்பியில் எடை ஏறத்தான் செய்யும், இறங்காது. குறைந்த எடை கேட்டவர் முதலில் வர வேண்டும். அதனால் பயிற்சியாளர்கள் கேட்ட எடையைக் கடைசி நேரத்திலும் மாற்றுவார்கள். எதிராளி ஒரு கிலோ கூட்டினால் இவரும் கூட்டுவார். அடுத்தவர் பெயரைக் கூப்பிட்டதும் ஒரு நிமிடக் கடிகாரம் ஓடும். தன்னுடைய முயற்சிக்குப் பிறகு உடனே தானே மறுபடி வர வேண்டியவருக்கு மட்டும் இரண்டு நிமிடம். ஸ்னாட்சில் மூன்று வாய்ப்பு, ஜெர்க்கில் மூன்று, அவ்வளவுதான். எடைகளைக் காட்டும் பலகையைப் பார்த்துக்கொண்டே இருந்தால் சதுரங்கத்தை விட விறுவிறுப்பு.

கடோடாவ் மொத்தம் 348 கிலோ தூக்கித் தங்கத்தை எடுத்தார். காமன்வெல்த் போட்டிகளில் கிரிபட்டி வாங்கிய முதல் பதக்கமே அதுதான். அதற்கு அப்புறம்தான் ஆட்டம். கம்பியைக் கீழே போட்டுவிட்டு இடுப்பை வளைத்து, கையை வீசி, நூறு கிலோ உடம்பு இவ்வளவு லேசா என்று நினைக்கும்படி ஆடினார். அரங்கில் கிரிபட்டிக்காரர்கள் விரல் விட்டு எண்ணக்கூடியவர்கள்தான் இருந்திருப்பார்கள். ஆனால் ஸ்காட்லாந்துக்காரர்கள் எழுந்து நின்று தாளம் போட்டார்கள். எனக்கு முன்னால் இருந்த பாட்டி ஒருவர், சின்னக் கொடி எங்கே கிடைக்கும் என்று என்னிடம் கேட்டார். சிவப்புச் சட்டையைப் பார்த்து எனக்குத் தெரியும் என்று நினைத்திருப்பார். அந்தக் கொடியை எந்தக் கடையிலும் விற்கவில்லை. கொடி ஏறியபோதுதான் பலரும் முதன்முதலாகப் பார்த்தோம்: கடல் அலை, அதன் மேல் எழும் சூரியன், அதற்கும் மேலே பறக்கும் ஒரு கடற்பறவை.

இரண்டு வருடம் கழித்து ரியோ ஒலிம்பிக்கில் அவர் ஆடியது உலகம் முழுக்கப் பரவியது. உங்களில் பலருக்கும் அந்த வீடியோ வாட்ஸ்அப்பில் வந்திருக்கும். தூக்க முடியாமல் போனபோதும் ஆடினார். நம் ஆட்கள் சிரிப்புப் பொம்மை போட்டு அனுப்பினார்கள். எனக்கு இதில்தான் கோபம். ஏன் ஆடுகிறேன் என்பதை அவரே சொன்னார்: என் நாடு கடலில் மூழ்கிக்கொண்டிருப்பது உலகத்தில் பெரும்பாலோருக்குத் தெரியாது, தெரிய வேண்டும் என்று. 33 தீவுகள், அவற்றில் பெரும்பாலானவை கடல் மட்டத்திலிருந்து இரண்டு மூன்று மீட்டர் உயரம்தான். கடல் உள்ளே வந்தால் முதலில் போவது குடிதண்ணீர், மணலுக்கு அடியில் இருக்கும் நன்னீரில் உப்பு ஏறிவிடும். அவர் தங்கம் வாங்கிய அதே 2014-இல்தான் அந்த நாட்டு அரசு ஃபிஜியில் நிலம் வாங்கி முடித்தது. ஒரு நாடு இன்னொரு நாட்டில் போய் நிலம் வாங்கி வைக்கிறது என்றால் நிலைமையைப் புரிந்துகொள்ளுங்கள். இதெல்லாம் தெரிந்த பிறகும் அவரைக் கோமாளி என்று ஒருவர் எழுதினால் என்ன செய்வது. சரி, அந்த ஆட்டம் இல்லாவிட்டால் கிரிபட்டி எங்கே என்று யாரும் தேடியிருக்க மாட்டார்கள் என்பதும் உண்மைதான். அந்த வகையில் அவர் கணக்கு சரியாகவே இருந்தது.

இன்னொன்று, அவரைப் பாவப்பட்ட ஆளாகவும் பார்க்க வேண்டாம். 2008 பெய்ஜிங், 2012 லண்டன், 2016 ரியோ என்று மூன்று ஒலிம்பிக் போனவர். ஊரில் ஒழுங்கான உடற்பயிற்சிக் கூடம் இல்லாமல் வெட்டவெளியில் பழகியவர். வெயில் ஏறினால் இரும்புக் கம்பியைத் தொட முடியாது என்பதால் விடியற்காலையிலேயே பயிற்சியை முடித்துக்கொள்வாராம். பிறகு நியூ கலிடோனியாவுக்குப் போய், ஆஸ்திரேலியப் பயிற்சியாளர் பால் கோஃபாவிடம் பசிபிக் தீவு வீரர்கள் பலரோடு சேர்ந்து பயிற்சி எடுத்தார்.

பளுதூக்குதலில் இந்தத் தீவுகள் வந்து நிற்பது தற்செயல் இல்லை. நீச்சல் குளமோ சைக்கிள் ஓடுகளமோ கட்டக் கோடிகள் வேண்டும். இதற்கு ஒரு கம்பி, கொஞ்சம் தட்டு, ஒரு பலகை மேடை, விஷயம் தெரிந்த ஒரு ஆள் போதும். வெறும் 21 சதுர கிலோமீட்டர் உள்ள நவூரு இதைத்தான் செய்தது. அந்த நாட்டின் மார்கஸ் ஸ்டீபன் 1990 ஆக்லாந்து காமன்வெல்த்தில் தங்கம் வாங்கினார். அப்போது நவூருவுக்கு அங்கீகாரம் பெற்ற ஒலிம்பிக் கமிட்டி கிடையாது என்பதால் 1992 பார்சிலோனாவில் சமோவா சார்பில் தூக்கினார். 2007-இல் நாட்டுக்கே அதிபரானார். 2010 டெல்லியில் 77 கிலோ தங்கத்தை நவூருவின் யூக்கியோ பீட்டர் கொண்டுபோனபோது நம் பத்திரிகைகள் அதற்கு எத்தனை வரி கொடுத்தன என்று தேடிப் பாருங்கள். அதே பிரிவைத்தான் நான்கு வருடம் கழித்து நம் சதீஷ் ஜெயித்தார்.

மறுநாள் பஸ் நிறுத்தத்தில் அந்தக் கிரிபட்டிக்காரரைப் பார்த்து வாழ்த்துச் சொன்னேன். கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டு, ஊருக்குத் திரும்ப எத்தனை விமானம் மாற வேண்டும் என்று புலம்ப ஆரம்பித்துவிட்டார். பெட்டியில் எடை கூடிவிட்டதாம், கூட வந்தவர்கள் ஸ்காட்லாந்துத் துணிமணி வாங்கிக் குவித்திருந்தார்கள். பளுதூக்கும் அணிக்கே பெட்டி கனமா என்று கேட்டேன், விழுந்து விழுந்து சிரித்தார்.

2026 போட்டியும் கிளாஸ்கோவுக்கே வந்திருக்கிறது. செலவைக் குறைக்கப் பத்து விளையாட்டுகள்தான், ஹாக்கியும் பேட்மிண்டனும் மல்யுத்தமும் இல்லை என்று நம்மவர்கள் வருத்தப்படுவது நியாயமே. பளுதூக்குதல் இருக்கிறது. இங்கிலாந்துப் பக்கம் இருப்பவர்கள் டிக்கெட் எடுப்பதாக இருந்தால் இந்தியர் தூக்கும் நேரத்துக்கு மட்டும் எடுக்காதீர்கள். கனமான எடைப் பிரிவுகளுக்கும் எடுங்கள், எடைகளைக் காட்டும் பலகை தெளிவாகத் தெரிகிற இடமாகப் பார்த்து உட்காருங்கள்.