உளுந்தங்களி மாவில் பச்சரிசி கூடிவிட்டது, எவ்வளவு உளுந்து சேர்த்தால் சரியாகும்?

பாளையங்கோட்டைக்காரி:
மகள் பெரியவளாகி நான்கு நாள் ஆகிறது. நாளை காலை களி கிண்ட வேண்டும். "தொலி உளுந்து 4 பங்கு, பச்சரிசி 1 பங்கு, வறுத்துத் திரித்து வை" என்று அம்மா சொல்லியிருந்தார். மொத்தம் இரண்டரைக் கிலோ போதும் என்று நினைத்தேன். நாலுக்கு ஒன்று என்றால் கால் பங்குதானே என்று பச்சரிசி 625 கிராம், உளுந்து 1,875 கிராம் போட்டு மில்லில் திரித்தும் வந்துவிட்டேன். இன்று கொஞ்சம் கிண்டிப் பார்த்தேன். சூட்டில் நன்றாகத்தான் இருந்தது. ஆறியதும் விறைத்துப்போய்க் கொழுக்கட்டை மாதிரி நிற்கிறது. அம்மா வருவதற்குள் சரிசெய்ய வழி சொல்லுங்கள்.

தென்காசி மதினி:
2 கிலோ இருக்க வேண்டிய உளுந்தில் 125 கிராம் குறைந்திருக்கிறது, அவ்வளவுதான். அதை வறுத்துத் திரித்துக் கலந்துவிடுங்கள்.

அம்பை கணக்கு வாத்தியார்:
மதினி, 125 போதாது. பச்சரிசியும் 125 கிராம் கூடியிருக்கிறதே, அதை மாவிலிருந்து பொறுக்கி எடுக்க முடியுமா?

உழக்கால் அளப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். உளுந்து நாலு உழக்கு, அரிசி ஒரு உழக்கு, சேர்த்தால் ஐந்து உழக்கு. அரிசி ஐந்தில் ஒன்றுதான், நாலில் ஒன்று அல்ல. தங்கச்சி நாலில் ஒன்று போட்டதால் 3:1 ஆகிவிட்டது. என் வகுப்பிலும் பாதிப் பேர் வழுக்கி விழுகிற இடம் இது.

இனி அரிசி 625 அப்படியேதான் இருக்கும். அதற்கு நாலு மடங்கு உளுந்து 2,500. இருப்பது 1,875. ஆக, இன்னும் 625 கிராம் உளுந்து வேண்டும்.

பாளையங்கோட்டைக்காரி:
அண்ணாச்சி, அப்படிச் சேர்த்தால் மூன்று கிலோவைத் தாண்டிவிடுமே! அவ்வளவு மாவை வைத்திருந்தால் வண்டு விழும். மேலும், மில்லில் தங்கியதும் நான் கிண்டிப் பார்த்ததும் போக இப்போது 2,400 கிராம்தான் இருக்கிறது.

அம்பை கணக்கு வாத்தியார்:
நன்றாகக் கலந்த மாவில் எவ்வளவு குறைந்தாலும் 3:1 மாறாது, கவலை வேண்டாம். அதில் 2 கிலோ மட்டும் எடுங்கள். உளுந்து 1,500, அரிசி 500 இருக்கும். அரைக் கிலோ உளுந்து வறுத்துத் திரித்துச் சேர்த்தால் 2,000க்கு 500. நீங்கள் கேட்ட இரண்டரைக் கிலோ சரியாக வந்துவிடும். மீதி 400 கிராமைத் தனியே வையுங்கள்.

வீரவநல்லூர் ஆச்சி:
அந்த 400ஐ முறுக்குக்குப் போடு தாயே. எங்கள் வீட்டில் முறுக்குக்கு இதே கணக்குத் தலைகீழ், அரிசி நாலு, உளுந்து ஒன்று. தொலி உளுந்து என்பதால் முறுக்கு கொஞ்சம் கறுத்திருக்கும், ருசியில் குறை இராது.

களிக்கு மாவு ஒரு பங்கு என்றால் கருப்பட்டியும் ஒரு பங்கு, தண்ணீர் இரண்டரைப் பங்கு. உடன்குடிக் கருப்பட்டி கிடைத்தால் விடாதே. கரைத்து வடிகட்டாமல் ஊற்றினால் மண் கடிபடும். நல்லெண்ணெயை ஒரே தடவையில் ஊற்றாதே, கிண்டக் கிண்ட விடு. கையைத் தண்ணீரில் நனைத்துத் தொட்டுப் பார், ஒட்டவில்லை என்றால் இறக்கிவிடலாம்.

அம்பை கணக்கு வாத்தியார்:
ஆச்சி சொன்ன முறுக்குக்கும் கணக்குச் சொல்லிவிடுகிறேன். 400 கிராமில் உளுந்து 300, அரிசி 100. உளுந்து 300க்கு அரிசி 1,200 வேண்டும். ஆக, அரிசி மாவு 1,100 கிராம் சேருங்கள். முறுக்கு மாவு ஒன்றரைக் கிலோ!

தென்காசி மதினி:
போன தீபாவளிக்கு என் முறுக்கு ஏன் கல்லாய்ப் போனது என்று இப்போதுதான் புரிகிறது. நானும் இந்த 125 கணக்குத்தான் போட்டிருப்பேன்.

பாளையங்கோட்டைக்காரி:
அரைக் கிலோ உளுந்தை வறுத்துத் திரித்து, சல்லடையில் இரண்டு முறை சலித்துக் கலந்துவிட்டேன். ஒரு கரண்டி மாவில் கிண்டிப் பார்த்தேன். ஆறிய பிறகும் அல்வா மாதிரி வழுக்குகிறது. மகள் இரண்டு உருண்டை சாப்பிட்டுவிட்டாள். ஆச்சி, முறுக்கு மாவுக்கு எள் போடட்டுமா, ஓமம் போடட்டுமா?

வீரவநல்லூர் ஆச்சி:
எள்.