விளையாடும்போது ஆன்டிவைரஸ் குறுக்கே விழுகிறது, ஒரேயடியாக அணைத்துவிடலாமா?

ஈசூன்_இரவுக்காவல்

சிங்கப்பூரில் தேசிய சேவையில் இருக்கிறேன். வெள்ளிக்கிழமை மாலை முகாமிலிருந்து விட்டால் ஞாயிறு இரவு திரும்பியாக வேண்டும், நடுவில் கிடைப்பது இரண்டே ராத்திரி. அதற்காகவே சேர்த்துவைத்த காசில் 1,750 வெள்ளிக்கு ஒரு கேமிங் லேப்டாப் வாங்கினேன், விண்டோஸ் 11. முதல் மாதம் நன்றாகத்தான் ஓடியது. இப்போது வெள்ளி இரவு வந்தாலே தகராறு. ஆட்டம் நடுவில் அரை வினாடி, ஒரு வினாடி உறைந்து நிற்கிறது, அதற்குள் எதிராளி என்னைச் சுட்டுவிட்டு அடுத்த ஆளைப் பார்க்கப் போய்விடுகிறான். டாஸ்க் மேனேஜரைத் திறந்தால் ஆன்டிமால்வேர் சர்வீஸ் எக்ஸிக்யூட்டபிள் என்று ஒன்று சிபியுவில் முப்பது, நாற்பது சதவீதம் எடுத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது.

இது போதாதென்று, லேப்டாப்போடு ஓசியில் வந்த வேறொரு ஆன்டிவைரஸ் வேறு இருக்கிறது. அதன் இலவச காலம் போன மாதம் முடிந்தது. அன்றிலிருந்து "புதுப்பியுங்கள்" என்று பெட்டி காட்டுகிறது, காட்டும் ஒவ்வொரு முறையும் முழுத்திரை ஆட்டம் சுருங்கிக் கீழே போகிறது. அப்புறம் போன வாரம் இறக்கிய ஒரு சின்ன இண்டி கேமை ஓட்டும் இஎக்ஸ்இ கோப்பு மாயம். இன்னொரு ஆட்டத்தில் சேவ் நிற்பதே இல்லை, திறக்கும்போதெல்லாம் முதல் காட்சியிலிருந்து.

பக்கத்துக் கட்டில்காரன் "ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸின் உள் அமைப்புகள் இருக்கும் இடம்) போய் மொத்தமாகக் கொன்றுவிடு" என்கிறான். அம்மா இதே லேப்டாப்பில்தான் வங்கிக் கணக்கு பார்க்கிறார், அரசாங்கச் சேவைகளுக்கான சிங்பாஸில் நுழைகிறார், அதனால்தான் தயக்கம். என்ன செய்யலாம்?

கோப்பிக்கடை_பையன்

நான்கு வருடமாக எதுவும் போடாமல் ஓட்டுகிறேன், ஒன்றும் ஆகவில்லை. கண்ட இடத்தில் கிளிக் பண்ணாமல் இருந்தால் போதும் லா. ரியல் டைம் ப்ரொடெக்‌ஷனை அணை, விளையாடு.

திருப்புளி

தம்பி, அணைத்தால் அது அணைந்தே இருக்காது. விண்டோஸ் செக்யூரிட்டியில் ரியல் டைம் ப்ரொடெக்‌ஷன் ஸ்விட்சைத் தள்ளினால் கொஞ்ச நேரம் சும்மா இருக்கும், அப்புறம் தானாகவே திரும்ப வந்துவிடும், அப்படித்தான் அதைச் செய்திருக்கிறார்கள். ரெஜிஸ்ட்ரி வழியும் பெரும்பாலும் நடக்காது, டேம்பர் ப்ரொடெக்‌ஷன் என்று ஒன்று அதைத் தடுப்பதற்காகவே இருக்கிறது. நண்பர் சொன்னது பழைய காலத்து வைத்தியம்.

உங்களுக்கு இருப்பது ஒரு நோய் இல்லை, நான்கு. முதலில் அந்த ஓசி ஆன்டிவைரஸ். காலாவதியான ஒன்று கிடக்கும்போது விண்டோஸ் தன்னுடைய ஆன்டிவைரஸான டிஃபெண்டரை எழுப்பிவிடும் (நீங்கள் டாஸ்க் மேனேஜரில் பார்த்த ஆன்டிமால்வேர் சர்வீஸ் அதுதான்), ஆனால் பழையதன் சேவைகள் பின்னால் ஓடிக்கொண்டே இருக்கலாம். அப்படி ஓடினால் ஒரே வாசலில் இரண்டு காவலாளி, வருகிற ஒவ்வொரு கோப்பையும் இருவரும் தனித்தனியாகச் சோதனை போடுகிறார்கள். காசு கட்டப்போவதில்லை என்றால் நீக்கிவிடுங்கள். செட்டிங்ஸில் அன்இன்ஸ்டால் செய்தாலே பாதி மிச்சம் கிடக்கும், அதனால் அந்த நிறுவனமே தரும் நீக்கும் கருவியை அதன் சொந்த இணையப்பக்கத்திலிருந்து இறக்கி ஓட்டி, ஒருமுறை ரீஸ்டார்ட் செய்யுங்கள். பெட்டித் தொல்லை அன்றோடு தீரும். (காசு கட்டி வைத்துக்கொள்கிறவர்களுக்கு: பெரும்பாலானவற்றில் கேம் மோட் என்று ஒன்று இருக்கும், போட்டுக்கொள்ளுங்கள், ஆனால் அது பெரும்பாலும் அறிவிப்பை அடக்கும், ஸ்கேனைத் தள்ளிப்போடும், அவ்வளவுதான். கோப்பு திறக்கும்போது நடக்கிற சோதனை நடந்துகொண்டேதான் இருக்கும்.)

இரண்டாவது, ஏன் வெள்ளிக்கிழமை என்று யோசித்தீர்களா? ஐந்து நாள் மூடிக் கிடந்த லேப்டாப்பைத் திறந்ததும் விண்டோஸ் அப்டேட், ஆன்டிவைரஸின் புதுப் பட்டியல், தள்ளிப்போன பராமரிப்பு வேலைகள், கூடவே ஸ்டீம் என்ற ஆட்டக் கடைச் செயலியில் நான்கைந்து ஆட்டங்களின் அப்டேட், எல்லாம் ஒரே நேரத்தில் வரிசையில் நிற்கின்றன. ஸ்டீம் எழுதும் ஒவ்வொரு கோப்பையும் டிஃபெண்டர் பார்க்கத்தான் செய்யும், நீங்கள் அப்போதுதான் ஆட உட்காருகிறீர்கள். வீட்டுக்குப் போனதும் சார்ஜரில் போட்டுத் திறந்து வைத்துவிட்டுக் குளியுங்கள், சாப்பிடுங்கள், அம்மாவிடம் ஒரு மணி நேரம் பேசுங்கள். அதற்குள் பாதித் தகராறு அடங்கியிருக்கும். வாராந்திர ஸ்கேனின் நேரத்தை டாஸ்க் ஷெட்யூலரில் விண்டோஸ் டிஃபெண்டர் என்ற பிரிவுக்குள் போய் ஞாயிறு மதியத்துக்கு மாற்றலாம்.

அதற்குப் பிறகும் திணறினால்தான் விலக்கு, அதாவது இதைச் சோதிக்காதே என்று ஆன்டிவைரஸிடம் சொல்வது. விண்டோஸ் செக்யூரிட்டி, வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்‌ஷன், மேனேஜ் செட்டிங்ஸ், அடியில் எக்ஸ்க்ளூஷன்ஸ். அங்கே ஃபைல், ஃபோல்டர், ஃபைல் டைப், ப்ராசஸ் என நான்கு வகை காட்டும். யூடியூபில் எல்லோரும் ஸ்டீம் ஃபோல்டரையே மொத்தமாகப் போடச் சொல்வார்கள், நான் சொல்லமாட்டேன். ஃபோல்டரை விலக்கினால் அதற்குள் என்ன வந்து விழுந்தாலும் யாரும் பார்க்கமாட்டார்கள், வாராந்திர ஸ்கேனும் தாண்டிப் போய்விடும். ப்ராசஸ் விலக்கு வேறு மாதிரி. ஆட்டத்தின் இஎக்ஸ்இ திறக்கிற கோப்புகளை ஓடும்போது மட்டும் சோதிக்காது, ஆனால் அந்த இஎக்ஸ்இயையே சோதிக்கும், வாராந்திர ஸ்கேனும் வழக்கம்போல நடக்கும். திணறுகிற ஆட்டம் எதுவோ அதற்கு மட்டும் போடுங்கள், பெயரை மட்டும் கொடுக்காமல் முழுப் பாதையையும் கொடுங்கள். வெறும் பெயர் என்றால் அதே பெயரில் வேறு எந்த ஃபோல்டரிலிருந்து எது ஓடினாலும் அதற்கும் சலுகை போய்விடும்.

சேவ் நிற்காதது முற்றிலும் வேறு கதை. ரான்சம்வேர் ப்ரொடெக்‌ஷனுக்குள் கன்ட்ரோல்ட் ஃபோல்டர் ஆக்சஸ் என்று ஒன்று, 2017-இல் விண்டோஸ் 10-இல் வந்தது, இயல்பாக அணைந்துதான் இருக்கும், யாரோ போட்டுவிட்டிருக்கிறார்கள். அது தெரியாத செயலிகளை டாக்யுமென்ட்ஸில் எழுத விடாது, நிறைய ஆட்டங்கள் சேவ் வைப்பதோ டாக்யுமென்ட்ஸுக்குள் மை கேம்ஸில். அணைக்க வேண்டாம், அனுமதிக்கப்பட்ட செயலிகள் பட்டியலில் அந்த ஆட்டத்தைச் சேர்த்தால் போதும்.

காணாமல் போன இஎக்ஸ்இ அழியவில்லை, ப்ரொடெக்‌ஷன் ஹிஸ்டரியில் தனிச்சிறையில் இருக்கும். ரெஸ்டோர் அழுத்தும் முன் எங்கிருந்து இறக்கினீர்கள் என்று சொல்லுங்கள்.

ஈசூன்_இரவுக்காவல்

அண்ணா, ரொம்ப நன்றி. இண்டி கேம் அதைச் செய்தவருடைய பக்கத்திலிருந்தே இறக்கியது, கிராக் எதுவும் இல்லை. கன்ட்ரோல்ட் ஃபோல்டர் நான்தான் போட்டேன் என்று நினைக்கிறேன், வாங்கிய அன்று "பாதுகாப்பாக இருக்க" என்று ஒரு வீடியோ பார்த்தேன்.

திருப்புளி

சரி. சின்னக் குழுக்கள் செய்கிற ஆட்டங்களில் இது சகஜம். செய்தவர் யார் என்று காட்டும் டிஜிட்டல் கையொப்பம் வாங்கக் காசு செலவாகும், அதனால் இஎக்ஸ்இயில் கையொப்பம் இருக்காது, இறக்கியவர்களும் குறைவு, ஆன்டிவைரஸுக்கு அது யாரென்றே தெரியாது, முன்பின் தெரியாத ஆளை உள்ளே விடாதது போலத்தான். அதே கோப்பைத் திரும்ப இறக்கி, திறக்காமல், வைரஸ்டோட்டல் தளத்தில் ஏற்றுங்கள். ஒரே நேரத்தில் எழுபதுக்கு அருகில் ஆன்டிவைரஸ்கள் பார்த்துச் சொல்லும். ஒன்றிரண்டு மட்டும் பொதுவான பெயரில் சந்தேகப்பட்டால் தவறான எச்சரிக்கையாக இருக்கலாம். இருபது, முப்பது ஒரே குரலில் பெயர் சொல்லிக் கத்தினால் அந்த ஆட்டத்தை மறந்துவிடுங்கள், எவ்வளவு அழகாக இருந்தாலும்.

பெரிய ஆட்டத்தின் கோப்பு இப்படிப் போனால் ரெஸ்டோர்கூட வேண்டாம், ஸ்டீமில் ஆட்டத்தின் ப்ராப்பர்ட்டீஸுக்குள் கோப்புகளைச் சரிபார்க்கும் பொத்தான் இருக்கிறது, போனதை மட்டும் திரும்ப இறக்கிக்கொள்ளும்.

செங்காங்_மின்விசிறி

எல்லோரும் ஆன்டிவைரஸையே அடிக்கிறீர்களே. தம்பி, லேப்டாப்பை எங்கே வைத்து விளையாடுகிறீர்கள்? நம் வீவக அடுக்குமாடி வீட்டு அறையில் ஏர்கான் போடாமல், மெத்தைமேல் வைத்து, கீழே காற்றுப்போகும் துளையை மூடி... எனக்கும் இதே கதைதான். இரண்டு மாதம் விலக்குமேல் விலக்கு போட்டுப் பார்த்தேன், கடைசியில் சிபியு 97 டிகிரியில் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொண்டிருந்தது. அடியில் இரண்டு பழைய பாடப்புத்தகம் வைத்துத் தூக்கினேன், தீர்ந்தது.

முதலில் சோதியுங்கள். ஆட்டத்தில் ஒரே இடத்தைப் பத்து நிமிடம் ஆடுங்கள், பிறகு ரியல் டைமை அணைத்து அதே இடத்தை இன்னொரு பத்து நிமிடம், அந்த நேரத்தில் பிரவுசர் எதையும் திறக்காமல். இரண்டிலும் திணறினால் ஆன்டிவைரஸ் குற்றவாளி இல்லை. இன்னொன்று, புது ஆயுதம், புது வெடிப்பு, புது இடம் என்று முதல்தடவை வரும்போது மட்டும் நின்று, இரண்டாம் தடவை நிற்காமல் போனால் அது ஷேடர் (காட்சியை வரையும் சிறு நிரல்) கம்பைல் ஆவதால் வருகிற திணறல். அதற்கு உலகத்து ஆன்டிவைரஸை எல்லாம் அணைத்தாலும் பலன் கிடையாது.

திருப்புளி

மின்விசிறி சொல்வது நியாயம், நானே முதலில் கேட்டிருக்க வேண்டும். சோதித்த பிறகும் டிஃபெண்டர்மேல்தான் சந்தேகம் என்றால் அது எந்தக் கோப்பில் நேரத்தைச் செலவழிக்கிறது என்று அதனிடமே கேட்கலாம். டிஃபெண்டர் பெர்ஃபார்மன்ஸ் அனலைசர் என்று தேடுங்கள், பவர்ஷெல்லை நிர்வாகியாகத் திறந்து இரண்டு கட்டளை (தமிழில் எழுதினால் உங்களால் தட்ட முடியாது, அதனால் எழுதவில்லை). ஒன்று பதிவு செய்யும், நடுவில் நீங்கள் ஆடுங்கள், மற்றது எந்தக் கோப்பு, எந்த ப்ராசஸ் அதிக நேரம் வாங்கியது என்று வரிசைப்படுத்திக் காட்டும். குருட்டாம்போக்கில் விலக்கு போடுவதைவிட இது எவ்வளவோ மேல்.

மூவர்_அம்மா

நடுவில் நுழைவதற்கு மன்னிக்கவும். என் மகன் உயர்நிலை இரண்டு. அவன் லேப்டாப்பில் இந்த எக்ஸ்க்ளூஷன்ஸ் பக்கமே சாம்பல் நிறமாக இருக்கிறது, நிர்வாகி கட்டுப்படுத்துகிறார் என்று வருகிறது. அதை எப்படித் திறப்பது?

திருப்புளி

அக்கா, அது பள்ளிவழி வாங்கிய கற்றல் கருவிதானே? அதில் சாதன நிர்வாகச் செயலி போட்டிருப்பார்கள், அந்தப் பூட்டை உடைக்க வழி சொல்வது சரியில்லை, சொல்லவும் மாட்டேன். பள்ளி நேரத்துக்குப் பிறகு எந்த அளவு கட்டுப்பாடு வேண்டும் என்பதில் பெற்றோருக்கும் சில தெரிவுகள் உண்டு, பள்ளியிடமே கேளுங்கள். மகனிடம் மட்டும் நான் இப்படிச் சொன்னேன் என்று சொல்லிவிடாதீர்கள்.

மூவர்_அம்மா

அவன்தான் என்னை இங்கே கேட்கச் சொன்னான். இப்போது அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான்.

சுட்டுக்கொண்டவன்

கோப்பிக்கடை_பையன் பதிலைப் பார்த்துத்தான் எழுதுகிறேன். நானும் கண்ட இடத்தில் கிளிக் பண்ணாத ஆள்தான். ஒரு மோட் (ஆட்டத்தை மாற்றும் கூடுதல் கோப்பு) போட வேண்டும், அதோடு வந்த குறிப்பில் "ஆன்டிவைரஸ் தவறாகப் பிடிக்கும், ஃபோல்டரை விலக்கிவிட்டு ஓட்டுங்கள்" என்று இருந்தது, விலக்கினேன், ஓட்டினேன். மறுநாள் காலை ஸ்டீம் கணக்கு என்னிடம் இல்லை. கடவுச்சொல்லும் கைப்பேசிக் குறியீடும் இருந்தும் என்ன பயன், பிரவுசரில் ஏற்கெனவே நுழைந்திருந்ததைக் காட்டும் குக்கீயையே தூக்கிக்கொண்டு போய்விட்டான், அதற்குக் குறியீடு தேவையே இல்லை.

நம்பகமான இடம் என்பதும் முழு உத்தரவாதம் இல்லை. 2023 ஜூனில் மைன்கிராஃப்ட் மோட்களுக்குள் ஃப்ராக்சரைசர் என்ற திருட்டு நிரல் புகுந்தது, கர்ஸ்ஃபோர்ஜ் போன்ற எல்லோரும் இறக்குகிற இடத்திலேயே. 2025 பிப்ரவரியில் பைரேட்ஃபை என்ற ஆட்டம் ஸ்டீமிலேயே இருந்து, தகவல் திருடுகிறது என்று தெரிந்ததும் நீக்கினார்கள், விளையாடியவர்களுக்கு எச்சரிக்கை அனுப்பினார்கள். ஸ்டீம் ஃபோல்டரை மொத்தமாக விலக்கி வைத்திருந்தவன் அன்றைக்கு என்ன ஆகியிருப்பான்?

ஈசூன் தம்பிக்கு ஒன்று. அம்மாவுக்கு விண்டோஸில் தனிக் கணக்கு உருவாக்குங்கள், நீங்கள் ஆடுகிற கணக்கு நிர்வாகி உரிமை இல்லாத சாதாரணக் கணக்காக இருக்கட்டும். அப்படி இருந்தால் உங்கள் பக்கம் ஏதாவது நுழைந்தாலும் அம்மாவின் பிரவுசர் கோப்புகளைத் தொடுவது கடினம். ஆனால் எக்ஸ்க்ளூஷன் என்பது கணக்குக்குக் கணக்கு கிடையாது, கணினி முழுவதற்கும் ஒன்றுதான், அதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

கோப்பிக்கடை_பையன்

சரி சரி, புரிந்தது. இன்றைக்கு ஒரு முழு ஸ்கேன் போட்டுப் பார்க்கிறேன்.

திருப்புளி

போடுங்கள், முடிவை இங்கே சொல்லுங்கள். விலக்கு போட்டவர்கள் அளவு மீறிப் போட்டோமா என்று பார்க்க, ஐகார் சோதனைக் கோப்பை டவுன்லோட்ஸில் இறக்கிப் பாருங்கள். வெறும் 68 எழுத்து, யாரையும் கடிக்காது, ஆனால் ஆன்டிவைரஸ்கள் எல்லாம் அதைக் கண்டதும் கத்த வேண்டும் என்று பேசிவைத்துக்கொண்ட கோப்பு. கத்தவில்லை என்றால் காவலாளி தூங்குகிறார்.

ஈசூன்_இரவுக்காவல்

ஒரு வாரம் கழித்து வருகிறேன், வெளியே விட்டால்தானே எழுத முடியும். ஓசி ஆன்டிவைரஸை அதன் கருவியாலேயே நீக்கினேன், பெட்டி போயிற்று. சேவ் நிற்கிறது. இண்டி கேமை வைரஸ்டோட்டலில் போட்டேன், இரண்டு பேர்தான் சந்தேகப்பட்டார்கள், செய்தவருக்கே எழுதிக் கேட்டேன், "எனக்கும் தெரியும், தவறான எச்சரிக்கை என்று புகார் அனுப்பியிருக்கிறேன்" என்று பதில் போட்டார். அவர் புதுக் கோப்பு விடும்வரை காத்திருக்கிறேன்.

வெள்ளிக்கிழமை லேப்டாப்பைத் திறந்து வைத்துவிட்டு அம்மாவோடு தேக்கா போய்ச் சாப்பிட்டு வந்தோம். வந்து ஆடினால் ஏறக்குறைய சுத்தம். மிச்சம் இருந்த திணறல் மின்விசிறி அண்ணன் சொன்ன மாதிரி, முதல்தடவை வெடிப்பில் மட்டும். இதுவரை ஒரு விலக்குகூடப் போடவில்லை. அம்மாவுக்குத் தனிக் கணக்கு தயார், கடவுச்சொல் என்ன வைத்தார் என்று கேட்டேன், சொல்ல மறுத்துவிட்டார்.

கோப்பிக்கடை_பையன்

முழு ஸ்கேன் முடிவு: ஏழு. எப்படிச் சுத்தம் செய்வது என்று தனி இழை திறக்கிறேன், யாரும் சிரிக்க வேண்டாம்.