‘காரணிச் சோடி’ன்னே வச்சுக்கலாம் (மறு: காரணி இணை)

எல்லாருக்கும் வணக்கம்.

ரெண்டு எண்ணைப் பெருக்கினா குடுத்த எண் வரணும், அந்த ரெண்டையும் சேர்த்து (இங்கிலீஷ்ல factor pair) நம்ம கணித அகராதில என்ன பேர் வைக்கறதுன்னு பேச்சு ஓடிட்டிருக்கு இல்லையா, அதுல ‘காரணி இணை’க்கு நிறைய ஆதரவு தெரியுது. கேக்க அழகாத்தான் இருக்கு. ஆனா எனக்கு ஒத்துவரல. பதினொண்ணாம் வகுப்புல அணிக்கோவை (determinant) பாடத்துக்குப் போனா அங்க ‘இணைக்காரணி’ (cofactor)ன்னு ஒண்ணு ஏற்கனவே உக்காந்திருக்கு, அது முற்றிலும் வேற சமாச்சாரம். ஆறாம் வகுப்புல காரணி இணை, பதினொண்ணுல இணைக்காரணின்னா பிள்ளைங்க நிச்சயம் குழம்பும். அதுபோக வடிவியல்ல இணைகோடு, இணைகரம்னு ‘இணை’க்கு வேற வேலை இருக்கு. ‘காரணி இரட்டை’ன்னு வந்த யோசனையும் வேண்டாம், இரட்டை எண்ணோட மோதும்.

‘சோடி’ நம்ம தமிழ்நாட்டுப் பாடநூலுக்குப் புதுசு இல்ல, வரிசைச் சோடின்னு (எது முதல்ல, எது ரெண்டாவதுங்கறது முக்கியமான சோடி, ordered pair) பத்தாம் வகுப்புல இருக்கு. இலங்கைல அன்றாடப் பேச்சுலயே சோடிதான். பகா எண்ண அவங்க முதன்மை எண்ங்கறாங்க, நம்ம மீ.சி.ம (மீச்சிறு பொது மடங்கு, LCM) அவங்களுக்கு பொ.ம.சி (பொது மடங்குகளுட் சிறியது), இப்படி ஏற்கனவே பிரிஞ்சு கிடக்கறப்ப ஒரு சொல்லாவது ரெண்டு பக்கமும் ஒண்ணா இருந்தா எவ்வளவு நல்லது!

எனக்கு முக்கியமா படறது, கணக்கு போடறப்ப வாயில வருதான்னுதான். ஒரு கணக்க எடுத்துக்குவோம். 72 லட்டு இருக்கு, எல்லா டப்பாலயும் ஒரே அளவு போடணும், ஒரு டப்பால 5-க்கு மேல, 15-க்குக் கீழ இருக்கணும், எத்தனை விதமா போடலாம்? பிள்ளை 1-72, 2-36, 3-24, 4-18, 6-12, 8-9னு எழுதிட்டு வருது, 8-லயே நிறுத்திக்கலாம், ஏன்னா 9 தொட்டா எழுதினதே திரும்பி வரும். இங்க டீச்சர் “8-க்கு சோடி எது?”ன்னு கேட்டா “9”னு டக்குனு வரும். “8-க்கு இணை எது?”ன்னா 8-க்கு சமமானது எதுன்னு கேக்கற மாதிரி இருக்கு. “சோடி சேரு”, “சோடி கிடைக்கல”ன்னு வினையோடயும் சுளுவா ஒட்டுது.

இதே கணக்குல இன்னொண்ணு இருக்கு, அத அகராதி வரையறைல கண்டிப்பா சேக்கணும்னு கேட்டுக்கறேன். பட்டியல்ல 5-க்கும் 15-க்கும் நடுவுல விழற சோடி ரெண்டுதான், 6-12, 8-9. ஆனா விடை நாலு! 8 டப்பால ஒன்பது ஒன்பதா போடறதும் 9 டப்பால எட்டு எட்டா போடறதும் ஒண்ணு இல்லையே. அதே சமயம் ஒரு செவ்வகத்தோட பரப்பு 48, சுற்றளவு 28னா 6-8 ஒரே ஒரு விடை, எத நீளம்னு சொன்னாலும் அதே செவ்வகம்தான். அதனால காரணிச் சோடிங்கறது வரிசைச் சோடி இல்ல, வரிசை முக்கியமா இல்லையான்னு கணக்குதான் சொல்லும்னு ஒரு வரி போட்டே ஆகணும். பிள்ளைங்க மார்க் விடறது பெருக்கல் தெரியாம இல்ல, பெரும்பாலும் இந்த இடத்துலதான்.

36-ல 6-6 சோடியான்னு ஒருத்தர் கேட்டிருந்தார். சோடிதான், ஆனா காரணிய எண்ணறப்ப 6-ஐ ஒரு தடவதான் எண்ணணும். 1-36, 2-18, 3-12, 4-9, 6-6, மொத்தம் 9 காரணி. வர்க்க எண்ணுக்கு மட்டும் காரணி ஒத்தப்படையில வர்றதுக்கு இதான் காரணம், பிள்ளைங்களுக்கு இத சொன்னா கண்ணு விரியும்.

இப்ப இருக்கற வரைவு வரையறைல ‘முழு எண்’ணுன்னு போட்டிருக்கறதையும் மாத்தணும், நம்ம பாடநூல் கணக்குப்படி அதுல 0 வந்துடும், 72-க்கு 0 காரணி ஆகாது. என் வரைவு: “காரணிச் சோடி – பெருக்கினால் கொடுத்த எண்ணைத் தரும் இரண்டு இயல் எண்கள், இரண்டும் ஒரே எண்ணாகவும் இருக்கலாம், வரிசை பொருட்டல்ல; விடையில் வரிசை முக்கியமா என்பதைக் கணக்கே சொல்லும்.” x² − 11x + 24-ஐக் காரணிப்படுத்தறப்ப −3, −8 வேணுமே, அதுக்கு என்னன்னு கேப்பீங்க. அங்க மட்டும் ‘முழுக்களின் காரணிச் சோடி’ன்னு (முழுக்கள்னா குறை எண்ணும் சேர்ந்தது, integers) நீட்டிக்கலாம், சொல் மாற வேண்டியதில்ல.

ச்-ஐ விட்டுட்டு ‘காரணி சோடி’ன்னு எழுதாதீங்க. ஜ போட்டு ‘காரணி ஜோடி’ன்னு பேசறவங்க பேசட்டும், அகராதிப் பதிவுல சோடியே இருக்கட்டும். இலங்கை நண்பர்கள் யாராவது உங்க வகுப்புல இத எப்படி சொல்லித் தர்றீங்கன்னு எழுதுங்க, அதப் பாத்துட்டு முடிவு பண்ணலாம்.