துருக்கிக்குப் புதிதாக வந்தவர்களுக்கு: 'அய்ஷெ' என்பவரை எப்படி அழைப்பது?

கேள்வி: அங்காராவில் வேலைக்குச் சேர்ந்திருக்கிறேன். என் மேலாளர் பெயர் அய்ஷெ, வீட்டுக்காரம்மாவும் அய்ஷெ. வெறும் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூச்சமாக இருக்கிறது. 'அய்' என்றால் நிலா என்கிறார்களே, நிலாப் பெண்ணா?

பதில்: நிலா இல்லை, தம்பி. நம் ஊர் முஸ்லிம் வீடுகளில் கேட்டுப் பழகிய ஆயிஷாதான் அது. வேர் அரபு, உயிரோடு வாழ்பவள் என்று பொருள். நபிகளின் மனைவியும் அபூபக்கரின் மகளுமான ஆயிஷாவின் பெயர், துருக்கியர் நாவில் நடு உயிரெழுத்தை உதிர்த்து அய்ஷெ ஆகிவிட்டது. துருக்கிச் சொல்லான 'அய்' நிலாதான், ஆனால் அது அய்நூர், அய்தென் போன்ற வேறு பெயர்களில் இருக்கிறது. அய்ஷெகுல் என்று ஒருத்தி அறிமுகமானால், அதே ஆயிஷாவோடு பாரசீக ரோஜா சேர்ந்திருக்கிறது.

எழுதும்போது எஸ் எழுத்தின் அடியில் ஒரு கொக்கி வரும். அதுதான் 'ஷ' ஓசை. 1928இல் லத்தீன் எழுத்துக்கு மாறியபோது வந்தது. மின்னஞ்சலில் கொக்கியை விட்டுவிடுபவர்கள் உண்டு, அதைப் பார்த்து 'அய்செ' என்று படித்துவிட வேண்டாம்.

இனி அழைப்பு. அலுவலகத்தில் 'அய்ஷெ ஹனும்'. ஹனும் என்பது பெண்களுக்கான மரியாதைச் சொல், நம் 'அம்மையார்' போல. குடும்பப் பெயரோடு அல்ல, சொந்தப் பெயரோடுதான் ஹனும் சேரும். குடும்பப் பெயர் கட்டாயமானதே 1934 சட்டத்துக்குப் பிறகுதான். ஹனுமில் வரும் 'உ'வை உதடு குவிக்காமல் சொல்லுங்கள். 'அது' என்பதன் கடைசி உகரம் போல. குற்றியலுகரம் படித்தவர்களுக்கு இது இலவசமாக வரும், ஆங்கிலேயர்கள்தான் திணறுகிறார்கள்.

வீட்டுக்காரம்மா உங்களைவிடச் சற்று மூத்தவர் என்றால் 'அய்ஷெ அப்லா', அதாவது அக்கா. அம்மா வயது என்றால் 'தெய்ஸெ'. பெயர் முன்னே, முறை பின்னே, நம் வழக்கம் அப்படியே. தெய்ஸெ தாயின் சகோதரி; அப்பாவின் சகோதரிக்கு 'ஹலா' என்று தனிச் சொல் உண்டு. வெளியாரை அழைக்க எடுத்துக்கொள்வது தெய்ஸெயைத்தான். நாற்பதைத் தாண்டாதவரை தெய்ஸெ என்றுவிட்டால் முகம் சுருங்கும். சந்தேகமா, அப்லாவிலேயே நில்லுங்கள்.

இந்தப் பெயர் போர்ச் செய்தியாகவும் போயிருக்கிறது. 1974 ஆகஸ்டில் சைப்ரஸ் பற்றி ஜெனீவாவில் பேச்சு நடந்தபோது, துருக்கியின் வெளியுறவு அமைச்சர் துரான் குனெஷ் தொலைபேசியில் சொன்ன சங்கேதம்: "அய்ஷெ விடுமுறைக்குப் போகட்டும்." அய்ஷெ அவருடைய மகள். அதோடு சைப்ரஸ் மீதான துருக்கியப் படையெடுப்பின் இரண்டாம் கட்டம் தொடங்கியது. இன்றும் அந்த வாக்கியத்தை அறியாத துருக்கியர் அரிது. ஆகவே அலுவலக அய்ஷெ ஹனும் விடுப்பில் போகும்போது பக்கத்து மேசைக்காரர் சிரித்தால் காரணம் இதுவாக இருக்கலாம்.

சந்தைக்குப் போனால் 'அய்ஷெ கதுன்' என்று கூவி விற்பார்கள். யாரையும் தேட வேண்டாம். அது நாரில்லாத பச்சை பீன்ஸ், பொரியலுக்கு நன்றாக இருக்கும்.