புதுப்பிப்பு: கிரில்லில் முழு வான்கோழி நன்றாக வெந்தது

போன முறை தோல் கருகி, தொடை வேகாமல் போனதற்கு இங்கே வழி கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

பலித்தது, கரியை இரண்டு ஓரமாக ஒதுக்கி நடுவில் தண்ணீர்த் தட்டு வைக்கச் சொன்ன யோசனைதான். 5 கிலோ வான்கோழியைத் தட்டுக்கு மேலே வைத்து மூடினேன். உள்ளே 160 முதல் 170 டிகிரி செல்சியஸ். முக்கால் மணிக்கு ஒருமுறை கொஞ்சம் கரி சேர்த்தேன். நெஞ்சும் தொடையின் உட்புறமும் 74 டிகிரியைத் தாண்ட 3 மணி நேரம் ஆனது. தெர்மாமீட்டர் முனை எலும்பில் படக்கூடாது, அளவு தவறிவிடும்.

எதிர்பாராதது: வெட்டியபோது எலும்பருகே இளஞ்சிவப்பாக இருந்தது. பதறி மறுபடி அளந்தேன், 76. புகையில் வெந்த இறைச்சிக்கு அந்த நிறம் வருவதுண்டு. நிறத்தை நம்பாமல் வெப்பத்தைப் பாருங்கள். அப்புறம், இறக்கை நுனிகள் சீக்கிரமே கருகத் தொடங்கின. அலுமினியத் தாளை முதலிலேயே சுற்றிவிடுங்கள்.