மை: நீங்கள் எந்தப் பொருளில் சந்தித்தீர்கள்? (அனுபவப் பகிர்வு)

அகராதிப்பிரியன்

பழைய அகராதியில் ‘மை’ என்ற சொல்லுக்கு எதிரே இருப்பதைப் படித்தால் தலை சுற்றுகிறது. எழுதும் மை, கண்ணுக்கு இடும் மை, கறுப்பு, இருள், மேகம், குற்றம், ஆடு, மந்திர மை என்று போகிறது. ஓரெழுத்துச் சொல்லுக்குள் இவ்வளவு பேர் குடித்தனம்! அகராதியை யார் வேண்டுமானாலும் புரட்டிக்கொள்ளலாம். எனக்கு வேண்டியது வேறு. வேலையிலோ வீட்டிலோ இந்தச் சொல் உங்கள் காதில் எந்தப் பொருளில் விழுந்தது, எங்கே சற்று இடறியது என்று எழுதுங்கள். அச்சகக்காரர்கள் யாராவது இருந்தால் முதலில் வாருங்கள்.

டிரெடில்காரர்

இருக்கிறேன் தம்பி. ஆனால் உங்களுக்கு ஓர் ஏமாற்றம். நான் வேலை பார்த்த அச்சகத்தில் ‘மை’ என்று யாரும் வாயால் சொன்னதில்லை. ‘இங்கி’தான். ‘இங்கி டப்பாவ மூடு’, ‘இங்கி கம்மியா இருக்கு’ என்றுதான் பேச்சு. முதலாளி எழுதும் கணக்கு நோட்டில் மட்டும் ‘அச்சு மை’ என்று இருக்கும்.

பேனாவில் ஊற்றும் மையும் இதுவும் ஒன்று என்று பலர் நினைக்கிறார்கள். பேனா மையில் பெரும்பகுதி தண்ணீர். அதை ஈய எழுத்தின் மேல் தடவினால் ஒட்டாமல் முத்து முத்தாகத் திரண்டு நிற்கும். கூட்டன்பர்க் 1450 வாக்கில் உலோக எழுத்தால் அச்சடித்தபோது எண்ணெய் மைக்குப் போனதற்குக் காரணம் இதுதான். ஆளிவிதை எண்ணெயைக் காய்ச்சிக் கெட்டியாக்கி, அதில் விளக்குக்கரியைச் சேர்த்து அரைப்பதுதான் பழைய அச்சு மை. அது தண்ணீர் வற்றிக் காய்வதில்லை. காற்றுப் பட்டு எண்ணெய் இறுகுவதால் காய்கிறது. அதனால்தான் இரவு மூடாமல் விட்ட டப்பாவில் காலையில் மேலே தோல் படிந்திருக்கும். அந்தத் தோலை முழுதாக உரித்து எடுக்க வேண்டும். துணுக்கு ஒன்று உருளையில் மாட்டினால் அன்றைக்கு அடிக்கிற தாளிலெல்லாம் அதன் தடம் விழும்.

டிரெடில் என்பது காலால் மிதித்து ஓட்டும் சின்ன அச்சு இயந்திரம். அதில் மேலே வட்டத் தட்டு ஒன்று உண்டு. கத்தியால் கொஞ்சம் மை எடுத்து அதில் தடவுவோம். ஒவ்வொரு தாளுக்கும் தட்டு சிறிது திரும்பும். உருளைகள் அதன் மேல் ஏறி மையை வாங்கிக்கொண்டு கீழே எழுத்தின் மேல் இறங்கும். மை கொஞ்சம் கூடினாலும் போச்சு. ‘ணை’, ‘ழ’ மாதிரிச் சுழி உள்ள எழுத்துகளின் கண் அடைந்துவிடும். தமிழில் சுழிக்கா பஞ்சம்? குளிர்நாளில் மை இழுபடும், சொட்டு மண்ணெண்ணெய் விட்டுக் கலக்குவோம். வெயில் நாளில் வேறு தொல்லை. வஜ்ஜிரமும் (விலங்குத் தோல், எலும்பிலிருந்து எடுக்கும் பசை) கிளிசரினும் சேர்த்து வார்த்த உருளை இளகிப் பிசுபிசுக்கும்.

சரி, சொல்லுக்கு வருகிறேன். கல்யாணப் பத்திரிகை அடிக்க வந்த பெரியவர் ஒருவர், “தம்பி, இதுக்கு மை வேண்டாம், சிவப்புல அடிங்க” என்றார். சிவப்பும் மைதானே என்று நாங்கள் சிரித்தோம். அவர் சிரிக்கவில்லை. அவர் கணக்கில் மை என்றால் கறுப்பு. கறுப்பு என்றால் கருமாதிப் பத்திரிகை. சிவப்பு, பச்சை, நீலம் எல்லாம் அவருக்குச் ‘சாயம்’. யோசித்துப் பார்த்தால் சொல்லின் பழைய பொருளில் நின்றவர் அவர்தான்.

ஏடு துடைப்பவள்

அந்தப் பெரியவர் பக்கம்தான் நானும். ஓலைச்சுவடிகளைச் சுத்தம் செய்து பட்டியல் போடும் வேலை எனக்கு. இங்கே மைக்கும் எழுதுவதற்கும் உள்ள உறவே தலைகீழ். எழுத்தாணியால் ஓலையில் கீறும்போது மை கிடையாது. கீறி முடித்த ஓலையைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது, சாய்த்து வெளிச்சத்தில் பிடித்தால்தான் கோடு மின்னும். அப்புறம் கரியையும் எண்ணெயையும் குழைத்து ஓலை முழுக்கத் தேய்த்துத் துடைத்துவிட்டால், கீறலுக்குள் போன கரி மட்டும் தங்கி எழுத்து பளிச்சென்று எழும். முதலில் எழுத்து, பிறகுதான் மை!

நாங்கள் இப்போது பயன்படுத்துவது விளக்குக்கரியும் எலுமிச்சைப்புல் எண்ணெயும். அந்த எண்ணெய் ஓலைக்கு நெகிழ்வு தரும், பூச்சியையும் அண்டவிடாது. முன்காலத்தில் ஊமத்தை இலைச்சாறு, மஞ்சள், மாவிலைக் கரி என்று கையில் கிடைத்ததைச் சேர்த்திருக்கிறார்கள்.

நான் சந்தித்த சொல் ‘மையாடல்’. பிள்ளைக்கு முதன்முதலில் எழுத்தறிவிக்கும் சடங்கை மையாடல் விழா என்பார்கள். மை தடவிய ஏட்டைக் குழந்தையின் கையில் கொடுத்து வாசிக்க வைப்பது. இந்தச் சொல்லை ஒரு குறிப்பில் முதலில் பார்த்தபோது கண்மை இடுகிற சடங்கு என்றே எங்கள் குழுவில் பாதிப்பேர் எடுத்துக்கொண்டார்கள்.

கரிசலாங்கண்ணி

அப்படி நினைத்ததில் பெரிய தவறு ஒன்றும் இல்லை அக்கா. கண்ணுக்கு மை ‘தீட்டுவோம்’, ‘இடுவோம்’ என்கிறோம் இப்போது. பழைய வழக்கில் கண்ணுக்கு மை ‘எழுதுவதுதான்’. திருப்பாவையில் “மையிட்டு எழுதோம்” என்று வருகிறதே. குறளில் இன்னும் அழகு: “எழுதுங்கால் கோல்காணாக் கண்ணேபோல்”. மை எழுதும்போது கண்ணுக்குத் தன்னைத் தொடுகிற கோல் தெரியாதாம். அதுபோலக் கணவனைக் கண்டதும் அவன் குற்றம் தெரியவில்லையாம். எழுதுவதற்கு ஒரு கோல், கூட ஒரு மை. ஓலைக்கும் கண்ணுக்கும் ஒரே வினைச்சொல்.

எங்கள் வீட்டில் பாட்டி மை கூட்டுவாள். ‘செய்வாள்’ என்று சொல்லக் கூடாது, ‘கூட்டுவாள்’. வெள்ளைத் துணியைக் கரிசலாங்கண்ணிச் சாற்றில் நனைத்து நிழலில் காயவைப்பாள். காய்ந்ததும் திரும்ப நனைப்பாள். அதைத் திரியாக்கி விளக்கெண்ணெயில் ஏற்றி, மேலே செம்புத் தட்டைக் கவிழ்த்து வைப்பாள். தட்டுக்கும் சுடருக்கும் இடைவெளி குறைந்தால் சுடர் மூச்சுமுட்டி அணையும். கூடினால் புகை பறந்துவிடும். காலையில் தட்டில் படிந்த கரியைச் சுரண்டி, சொட்டு விளக்கெண்ணெய் விட்டுக் குழைத்தால் முடிந்தது வேலை.

டிரெடில்காரர் ஐயா சொன்ன அச்சு மையும் இதுவும் செய்முறையில் அண்ணன் தம்பிகள், கவனித்தீர்களா? இரண்டிலும் விளக்குக்கரி, இரண்டிலும் எண்ணெய். ஆளிவிதை எண்ணெய் காற்றில் இறுகிவிடும், விளக்கெண்ணெய் இறுகாது. அதனால் ஒன்று தாளில் காய்கிறது, மற்றது அழுதால் கன்னத்தில் வழிகிறது.

டிரெடில்காரர்

அடடே. நாற்பது பக்கம் அடித்துவிட்டு வீட்டுக்குப் போனால் என் கண்ணைச் சுற்றியும் அப்படித்தான் இருக்கும் அம்மா.

வாக்குச்சாவடி வாத்தியார்

தேர்தல் வேலைக்குப் போகும் பள்ளி ஆசிரியன் நான். சில தடவை இரண்டாம் அலுவலராக உட்கார்ந்திருக்கிறேன், அதாவது மை வைக்கிற ஆள். எங்கள் மேசையில் மூன்று மை இருக்கும். பதிவேட்டில் எழுதப் பேனா மை. கையெழுத்துப் போடத் தெரியாதவர்கள் கட்டைவிரலை உருட்ட ஊதா நிறத்தில் முத்திரை மை. அப்புறம் அந்தச் சின்னக் குப்பியில் அழியாத மை. ஆனால் வெளியே வருகிறவரைப் பார்த்து “மை வச்சாச்சா?” என்று யாராவது கேட்டால் அது மூன்றாவது மைதான். அதற்கு அர்த்தமே ‘ஓட்டுப் போட்டாச்சா?’ என்பது.

அந்த மையில் கரியே கிடையாது என்பது பலருக்குத் தெரியாது. உள்ளே இருப்பது வெள்ளி நைட்ரேட். வைக்கும்போது ஊதாவாகத் தெரியும். தோலில் உள்ள உப்போடு சேர்ந்து, வெளிச்சம் பட்டுக் கறுத்துவிடும். சோப்புக்கோ எண்ணெய்க்கோ அசையாது. அந்தத் தோல் உதிர்ந்து புதுத்தோல் வந்தால்தான் போகும். தில்லியில் உள்ள தேசிய இயற்பியல் ஆய்வகம் உருவாக்கியது. தயாரிப்பது கர்நாடக அரசின் மைசூர் பெயிண்ட்ஸ் அண்ட் வார்னிஷ் நிறுவனம். அது மைசூர் மன்னர் காலத்தில் 1937இல் தொடங்கிய நிறுவனம். 1962 பொதுத்தேர்தலிலிருந்து இந்த மை இருக்கிறது.

இடது ஆள்காட்டி விரலில்தான் வைக்க வேண்டும். மறுவாக்குப்பதிவு என்றால் ஆள்காட்டி விரலில் ஏற்கெனவே மை இருக்குமே, அதனால் நடுவிரலுக்குப் போவார்கள்.

ஒரு மூதாட்டி விரலை நீட்டவே மாட்டேன் என்று நின்றார். “எனக்கு எதுக்குப்பா மை வைக்கிற? நான் யாருக்கு என்ன பண்ணேன்?” என்றார். பின்னால் வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். எனக்குப் புரியச் சற்று நேரம் பிடித்தது. அவருக்கு ‘மை வைப்பது’ என்றால் வசியம்!

கிணற்றடி

வாத்தியார் சார், அந்த அம்மா பயந்ததில் நியாயம் இருக்கிறது. எங்கள் பக்கம் மகன் மனைவியின் பேச்சைக் கேட்டால் “என்ன மை வச்சாளோ” என்று இன்றும் சொல்வார்கள். (மகன் தானாகவே ஒரு முடிவுக்கு வந்திருப்பான் என்று யாருக்கும் தோன்றாது, அது தனிக் கதை.)

எங்கள் வீட்டில் சங்கிலி காணாமல்போனபோது ‘மை போட்டுப் பார்த்தார்கள்’. வெற்றிலையின் நடுவில் பளபளவென்று மையைத் தடவி, விளக்கின் முன்னால் ஒரு சிறுவனை உட்கார வைத்து, “என்ன தெரியுது? யாரு வர்றா?” என்று கேட்டுக்கொண்டே இருந்தார் மைக்காரர். பையன் முதலில் ஒன்றும் தெரியவில்லை என்றான். திரும்பத் திரும்பக் கேட்கவும் ஒரு பெண் உருவம் தெரிகிறது என்றான். பச்சைப் புடவையா என்று கேட்டார், ஆமாம் என்றான். பச்சைப் புடவை கட்டிய உறவுக்காரம்மா ஒருவர் அன்றிலிருந்து எங்கள் வீட்டுப்படி ஏறவில்லை. சங்கிலி கடைசிவரை கிடைக்கவில்லை.

எண்ணெய் பூசிய கறுப்புப் பரப்பு கண்ணாடிபோல முகம் காட்டும். அசையும் சுடரை வெகுநேரம் உற்றுப் பார்க்கிற பிள்ளைக்கு எதுவும் தெரியும். கேள்வியிலேயே பதிலை வைத்துக் கொடுத்தது மைக்காரர். எனக்கு இந்தச் சொல்லின் மேல் கோபம் உண்டு என்றால் இதனால்தான்.

பாரி மகன்

பாடத்துக்காகப் புறநானூறு படித்தபோது ‘மை’ என்னைப் படுத்திய பாட்டைச் சொல்கிறேன். கபிலர் பறம்பு மலையை விட்டுப் போகும் பாட்டில் “மட்டுவாய் திறப்பவும் மைவிடை வீழ்ப்பவும்” என்று வருகிறது. மதுச்சாடியின் வாயைத் திறந்தார்கள், சரி. மைவிடையை வீழ்த்தினார்கள் என்றால்? வகுப்பில் ஒருவன் மையை ஊற்றினார்கள் என்றான்! மைவிடை என்றால் ஆட்டுக்கிடாய். விருந்துக்கு வெட்டுகிறார்கள்.

அதே கபிலர் இன்னொரு பாட்டில் “மைம்மீன் புகையினும்” என்கிறார். இங்கே மீன் என்றால் விண்மீன், மைம்மீன் என்றால் சனி. கரிய கோள். அது புகைந்தாலும் பாரியின் நாட்டில் விளைச்சல் குறையாது என்று போகிறது பாட்டு. ஒரே புலவர், ஒரே வள்ளல். ஒரு மை சட்டிக்குள், ஒரு மை வானத்தில். காப்பியத்துக்குப் போனால் ‘மையறு சிறப்பு’ என்று வரும், அங்கே மை என்றால் குற்றம். பொறுமை, அருமை என்பவற்றின் கடைசியில் இருக்கும் ‘மை’யையும் இதோடு சேர்த்து ஒரு நண்பன் பெரிய கட்டுரையே எழுதினான். அது பண்புப்பெயர் விகுதி ஐயா, அதை விட்டுவிடுங்கள்.

எல்லையோரம்

பல மொழி கேட்கும் ஊரில் வளர்ந்தவன். நமக்கு ‘மசி’ என்றும் ஒரு பழஞ்சொல் மைக்கு உண்டு. கன்னடத்தில் மசி என்றால் மையும்தான், அடுப்புக்கரியும்தான். முகத்தில் மசி பூசினார்கள் என்றால் மானம் போனது என்று பொருள். தெலுங்கில் மசி என்றால் பேச்சில் பெரும்பாலும் கரிதான். சூடான பாத்திரம் இறக்கும் அழுக்குத்துணிக்கு மசிகுட்ட என்று பெயர். மலையாளத்தில் அது மஷி. பள்ளிப்பிள்ளைகள் சிலேட்டு துடைக்கும், தண்டில் நீர் நிறைந்த சிறு செடிக்கு மஷித்தண்டு என்பார்கள். எழுதுவதற்கும் மஷி, அழிப்பதற்கும் மஷித்தண்டு!

கீரை மசிப்பதும், ‘அவன் எதுக்கும் மசியமாட்டான்’ என்பதும் வேறு மசி. குழப்பிக்கொள்ள வேண்டாம்.

அன்னபேதி

கரி இல்லாத மை தேர்தலுக்கு முன்பே உண்டு. கடுக்காய்த் தோலை ஊறவைத்து வடிகட்டி, அதில் அன்னபேதியை (இரும்பு சல்பேட் உப்பு) போட்டால் கண்முன்னே கறுக்கும். கடுக்காயின் துவர்ப்பும் அன்னபேதியில் உள்ள இரும்பும் சேர்வதால் வருகிற கறுப்பு. பள்ளியில் மாணவர்களை வைத்துச் செய்து பார்த்தோம். எழுதும்போது வெளிறித் தெரிந்தது, மறுநாள் கருகருவென்று ஆகிவிட்டது. கொஞ்சம் பிசின் சேர்த்தால் தாளில் பரவாமல் நிற்கும். அன்னபேதி கூடினால் காலப்போக்கில் தாளையே அரித்துவிடும், அளவு பார்த்துப் போடுங்கள்.

புதுத்தாய்

கரிசலாங்கண்ணி அக்கா, பாட்டி முறையில் மை கூட்டினால் கைக்குழந்தைக்குக் கண்ணில் வைக்கலாமா? மாமியார் வைக்கச் சொல்கிறார்.

கரிசலாங்கண்ணி

கண்ணுக்குள் வேண்டாம்மா. குழந்தையின் கண்ணில் மை வைக்காதீர்கள் என்றுதான் குழந்தை மருத்துவர்கள் சொல்கிறார்கள், வீட்டில் கூட்டியதானாலும் விரல் படுவதால் தொற்று வரலாம். கடையில் வாங்கும் சில மை, சுர்மா வகைகளில் ஈயம் இருப்பதும் உண்டு. மாமியார் மனசுக்குக் கன்னத்திலோ உள்ளங்காலிலோ திருஷ்டிப்பொட்டு வைத்துவிடுங்கள். கை வாய்க்குப் போகும் வயது என்றால் உள்ளங்கால்தான் நல்லது.

புதுத்தாய்

காலையும் வாயில் வைக்கிறான் அக்கா.

கரிசலாங்கண்ணி

அப்போ காதுக்குப் பின்னால்.